கேசட்டின் இரண்டாம் பக்கம்

நான் எழுதுகிற குடும்பக் கதைகளில் வசனம் இயல்பாக இருக்கிறது என்று சொல்கிறார்கள். அடுத்த வீட்டுச் சுவரில் காது வைத்துக் கேட்டதுபோல இருக்கிறதாம். யாராவது இதை மேடையில் சொன்னால் நான் தலையைக் குனிந்துகொள்வேன். நான் முதன்முதலில் எழுதிய வசனங்கள் என் வீட்டு ஆட்களுக்கு எழுதியவை. அதில் ஒரே ஒரு வரி என்ன பாடு படுத்தியது என்று தெரிந்தால் இவர்கள் கை தட்டுவார்களா? பெயர் எதுவும் சொல்லப் போவதில்லை. சம்பந்தப்பட்டவர்களில் இரண்டு பேர் பெருநாளைக்குப் பெருநாள் என் வீட்டுக்கு வருகிறவர்கள்.

செங்கல்பட்டு பஜாரில் எங்கள் அத்தாவுக்கு டிரங்குப் பெட்டிக் கடை. முன்னால் கடை, பின்னால் வீடு. விடிந்தால் தகரம் தட்டுகிற சத்தம் ஆரம்பித்துவிடும். அதற்கு மேலே பேசிப் பேசி எங்கள் வீட்டில் எல்லோருக்குமே தொண்டை பெரிது. அண்ணன் ஒரே மகன், நான் தங்கச்சி. கடை அவனுக்குத்தான் என்று அத்தா சொல்லாமலேயே முடிவு செய்திருந்தார். எழுபதுகளின் பின்பாதியில் ஒருநாள் அவன் துபாய்க்குப் போகிறேன் என்றான். அப்போது அவனுக்குக் கல்யாணமாகி எட்டு மாதம். அத்தா போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை. தன் கையாலேயே ஒரு பெட்டி செய்து, பச்சை பெயின்ட் அடித்து, பூட்டுப் போட்டு அவனிடம் கொடுத்தார். அதற்குப் பிறகு அவனோடு பேசுவதை நிறுத்திவிட்டார்.

அண்ணி கடப்பாக்கத்துப் பெண். அலம்பரைக் கோட்டை இடிந்து கிடக்கிறதே, அதற்குக் கூப்பிடு தூரத்தில் அவள் அம்மா வீடு. என்னைவிட இரண்டு வயதுதான் பெரியவள். அண்ணன் போனதற்கு எங்கள் அம்மாதான் காரணம் என்று அண்ணி நினைத்தாள். பெண்டாட்டி சரியாக இருந்திருந்தால் அவன் ஏன் ஊரை விட்டுப் போகப்போகிறான் என்று அம்மா நினைத்தாள். இரண்டு பேரும் இதை வாயால் சொல்லிக்கொண்டதே இல்லை. பாத்திரத்தை வைக்கிற சத்தத்தில் சொல்லிக்கொள்வார்கள்.

கடிதத்தைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். தபால்காரர் கடையில்தான் கொடுப்பார். அத்தா பிரித்துப் படித்துவிட்டு, வாடிக்கைக்காரர் முன்னாலேயே உள்ளே குரல் கொடுப்பார். அண்ணிக்கு வந்த கடிதத்தில் அவன் என்ன எழுதியிருக்கிறான் என்பது எதிர்க்கடை பழக்காரருக்கு அவளுக்கு முன்பே தெரிந்துவிடும். அப்படி ஒரு வீட்டில் எந்தப் புருஷன் எதை எழுதுவான்?

ஆறு மாதம் கழித்து ஊருக்கு வந்த ஆள் மூலமாக அண்ணன் ஒரு டேப் ரெக்கார்டரும் ஒரு கேசட்டும் அனுப்பினான். ஒரே ஒரு கேசட். அவன் அதில் பேசி அனுப்புவான். நாங்கள் கேட்போம். கேட்டு முடித்ததும் அவன் பேசியதன் மேலேயே நாங்கள் பேசி, போகிற ஆளிடம் கொடுத்து அனுப்புவோம். அதாவது அவனுக்குப் பதில் சொல்ல வேண்டுமென்றால் அவன் குரலை அழித்தாக வேண்டும். ஒவ்வொரு தடவையும் சிவப்புப் பொத்தானை நான் அழுத்தும்போது அம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொள்வாள். "புள்ள கொரல அழிக்கிறது நல்லாவா கீது" என்பாள். வேறு கேசட் வாங்க நாதியில்லாமல் இல்லை. ஆனால் எங்கள் வீட்டில் ஒரு பொருள் கெடாதவரை அதற்கு ஜோடி வாங்கும் பழக்கம் கிடையாது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்குப் பிறகு கடை சாத்தியிருக்கும். தகரச் சத்தம் இருக்காது. அதுதான் ரெக்கார்டிங் நேரம். பேட்டரிக் கட்டைகளைக் காலையிலேயே வெயிலில் காயவைத்துவிடுவேன். முதல் தடவை, அது நோன்புப் பெருநாள் சமயம், இரண்டு பக்கமும் பேசிப் பார்த்தோம். பேச்சா அது? அம்மா முதலிலிருந்து கடைசிவரை அழுதாள். அத்தா எழுந்து போய்விட்டார். அண்ணி சலாம் சொல்லிவிட்டு ஓடிவிட்டாள். இரண்டாம் பக்கம் பத்து நிமிஷம் நானே பெருநாள் பிரியாணியைப் பற்றி உளறினேன். அதற்குப் பிறகு அவனும் சரி, நாங்களும் சரி, முதல் பக்கத்தோடு நிறுத்திக்கொண்டோம்.

அடுத்த தடவை நான் சும்மா இருக்கவில்லை. எஸ்.எஸ்.எல்.சி முடித்துவிட்டு வீட்டில் உட்கார்ந்திருந்தேன். பள்ளிக்கூடத்தில் ஆண்டு விழா நாடகம் எழுதி மெடல் வாங்கிய திமிர் வேறு. ஒரு நாற்பது பக்க நோட்டை எடுத்து ஆளாளுக்கு வசனம் எழுதினேன்.

"அம்மா: மகனே, நல்லா கீறியா? வேளாவேளைக்குத் துன்றியா? (மூக்கை உறிஞ்சக் கூடாது.) அத்தா: (செருமியபடி) கடை நல்லா நடக்குதுப்பா. அண்ணி: நான் நல்லா இருக்கேன். மாமி என்னை மகள் மாதிரி பாத்துக்கறாங்க."

அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. நான் காதருகில் சொல்லச் சொல்ல அவள் உரக்கச் சொல்வாள். அத்தா என் வசனத்தைத் தொடவே மாட்டார். ஆனால் அவர் கூடத்தைத் தாண்டிப் போகும்போது வேண்டுமென்றே இருமுவார். அந்த இருமலை ரீவைண்ட் செய்து கேட்பேன் என்று அண்ணன் ஒரு தடவை சொன்னான். அண்ணி கதவுத் திரைக்குப் பின்னால் நிற்பாள். மாமனார் வீட்டில், எல்லோர் காதும் திறந்திருக்க, மனைவி புருஷனோடு பேசுவது மரியாதை இல்லை. நான் டேப்பைத் தூக்கித் திரைப்பக்கம் நீட்டுவேன். அவள் நோட்டைப் பார்த்து இரண்டு வரி படித்துவிட்டுப் போய்விடுவாள். இரண்டு வரிக்கு மேல் நான் எழுதினால் அம்மாவின் புருவம் ஏறும்.

கேட்டால் நாங்கள் ஒரு தேன்கூடு. மாமியும் மருமகளும் அப்படி ஒரு ஒற்றுமை. நான்தான் எழுதினேன், ஆனாலும் போட்டுக் கேட்கும்போது எனக்கே நம்பிக்கை வந்துவிடும். என் எழுத்தின் மேல் எனக்கு வந்த கர்வம் அங்கேதான் ஆரம்பித்தது. பாழாய்ப்போன கர்வம்.

அடுத்த வருஷம் ஹஜ்ஜுப் பெருநாள் கழித்து அண்ணி அம்மா வீட்டுக்குப் பத்து நாள் போனாள். துணைக்கு என்னையும் அனுப்பினார்கள். சம்பந்தி அம்மாவும் மருமகனுக்கு ஒரு சலாம் சொல்லட்டும் என்று டேப்பையும் கையில் கொடுத்துவிட்டாள் அம்மா. மூன்றாம் நாள் சாயங்காலம் அண்ணி டேப்பைத் துணியில் சுற்றிக்கொண்டு, வா கோட்டைப் பக்கம் போகலாம் என்றாள். கடல் சத்தம் கேட்கிற இடத்தில் இடிந்த சுவர் ஓரமாக உட்கார்ந்தாள்.

நான் நோட்டைத் திறந்தேன். "இன்னா எழுதணும் சொல்லுங்க அண்ணி" என்றேன்.

"ஒண்ணும் எழுத வாணாம். நீ அப்பால போயி சிப்பி கிப்பி பொறுக்கிகினு இரு."

பத்தொன்பது வயசில் சிப்பி பொறுக்குவார்களா? எனக்குக் கோபம் வந்துவிட்டது. என் வசனம் இல்லாமல் இவள் என்ன பேசிக் கிழிக்கப் போகிறாள் என்று நினைத்தேன். தூரமாகப் போய் மணலில் உட்கார்ந்து முறைத்துக்கொண்டிருந்தேன். அவள் டேப்பை மடியில் வைத்துக் குனிந்து பேசினாள். நிமிர்ந்து கடலைப் பார்த்தாள். திரும்பவும் பேசினாள். காற்று எதிர்ப்பக்கம் அடித்தது, ஒரு வார்த்தை என் காதில் விழவில்லை. வரும்போது கேட்டதற்கு, "அல சத்தம் பதியுதான்னு பாத்தேன்" என்றாள்.

அவள் பேசியது என்ன என்று பல வருஷம் கழித்து அவளே சொன்னாள். இரண்டாம் பக்கத்தைத் திருப்பி, என் பெருநாள் உளறல் முடிகிற இடம்வரை ஓட்டி, அதற்குப் பின்னால் பேசியிருக்கிறாள். அந்தப் பழசை யாரும் உட்கார்ந்து கேட்கப் போவதில்லை என்று அவளுக்குத் தெரியும். முதல் பக்கத்தில் அவள் அம்மா சலாம் சொல்லும்போது பின்னாலிருந்து, "ரெண்டாம் பக்கமும் கேக்கச் சொல்லும்மா" என்று சாதாரணமாகச் சொல்லி வைத்திருக்கிறாள்.

அவள் கேட்டது இதுதான். ரெண்டு வருசம்னு சொல்லிட்டுப் போனீங்க. ரெண்டு வருசம் முடியப்போவுது. கடைக்குத் திரும்ப உங்களுக்கு மனசு இல்லன்னா கடப்பாக்கத்துக்கு வந்துடுங்க. அம்மா வூடு கீது, வலைக்கும் படகுக்கும் சாமான் விக்கிற கடை போடலாம். உங்க அத்தா அம்மாவ நான் சமாதானம் பண்றேன். வர்றதுன்னா வர்றேன்னு சொல்லுங்க. வரலன்னா அதையும் சொல்லிடுங்க. நடுவுல நிக்க வெக்காதீங்க.

மூன்று மாதம் கழித்துக் கேசட் திரும்பி வந்தது. திருக்கழுக்குன்றத்து ஆள் ஒருவர் லீவில் வந்தவர் கொண்டுவந்தார். அவர் திரும்பிப் போக இன்னும் பத்து நாள் இருந்தது. முதல் பக்கம் முழுக்க அண்ணன் எல்லோரையும் விசாரித்தான். கடைசியில், "ரெண்டாம் பக்கம் நம்ம பழைய பெருநாள் பேச்சு கீது. அத அழிக்க மனசு வரல, அப்பப்ப போட்டுக் கேளுங்க" என்றான். நான் திருப்பிப் போட்டேன். என் குரல் பிரியாணியைப் பற்றி ஆரம்பித்தது. அத்தா, "ஐய, நிறுத்து இத" என்றார். நிறுத்தினேன். திரைக்குப் பின்னால் அண்ணி ஓரடி முன்னால் வந்ததையும், அங்கேயே நின்றுவிட்டதையும் பார்த்தேன். பார்த்ததோடு சரி.

மதியம் எல்லோரும் கண்ணயரும்போது கேட்டுக்கொள்ளலாம் என்று அவள் நினைத்திருக்கிறாள். பத்து நாள் இருக்கிறதே. ஆனால் அன்றைக்குச் சாப்பாடு ஆவதற்குள் அந்த ஆளிடமிருந்து தகவல் வந்துவிட்டது. டிக்கெட் முன்னால் தள்ளி வந்துவிட்டதாம். மறுநாள் காலை பம்பாய்க்கு ரயில். கேசட் கொடுப்பதானால் சாயங்காலம் அசர் தொழுகைக்குள் கொடுக்க வேண்டும்.

வீடு அல்லோலகல்லோலப்பட்டது. அண்ணியை அம்மா அடுப்படிக்கு அனுப்பினாள், கொடுத்தனுப்ப அதிரசமும் முறுக்கும் சுட. நான் நோட்டை எடுத்து விறுவிறுவென்று எழுதினேன். அம்மா டேப்பருகில் உட்கார்ந்து வழக்கம்போல முந்தானையைத் தேடினாள். அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. இன்றுவரை அதை நினைத்தால் என் தலையில் நானே குட்டிக்கொள்ளத் தோன்றும்.

"அம்மா, நீ அழாத. இந்தத் தபா அண்ணன் கொரல அழிக்க வாணாம். ரெண்டாம் பக்கத்துல நம்ம பழசுதான கீது, அது மேல பேசுவோம்."

அம்மா என் கன்னத்தைத் தடவித் தன் நெற்றியில் விரல்களை நெட்டி முறித்தாள். எவ்வளவு பெரிய நல்ல காரியம் செய்கிறேன் என்று எனக்கு நெஞ்சு விம்மியது. பெருநாள் பேச்சு பத்து நிமிஷம். நாங்கள் எப்போதும் பேசுவதும் அவ்வளவுதான். அத்தோடு நின்றிருந்தால் ஒன்றும் கெட்டிருக்காது.

மகன் குரல் அழியவில்லை என்ற சந்தோஷத்தில் அம்மா அன்றைக்குக் கூடவே பேசினாள். அத்தா மூக்குக் கண்ணாடியைத் தேடிக்கொண்டு கூடத்துக்கு வந்தார். "இன்னிக்கு அவன் கொரல் அழியலங்க. நீங்களும் ஒரு வார்த்த பேசுங்க" என்றாள் அம்மா. அவர் இருமிவிட்டுப் போய்விடுவார் என்று நினைத்தேன். அவர் உட்கார்ந்தார்.

"டேய்" என்றார். பிறகு துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "அந்தப் பொட்டி நல்லா கீதா? அங்க உப்புக் காத்தாமே. பூட்டு சிக்கிக்கும். சிக்குச்சின்னா அடிக்காத, தேங்கா எண்ண ரெண்டு சொட்டு வுடு."

அப்படியே போய்க்கொண்டிருந்தது. தகரம் முன்னைப்போல வருவதில்லை என்றார். கீலுக்கு ஆணி அடிக்கிற கை நடுங்குகிறது என்றார். அவன் சின்ன வயசில் பெட்டிக்குள் ஒளிந்துகொண்டு தூங்கிப்போனதையும் ஊரெல்லாம் தேடியதையும் சொன்னார். கடைசியில், "வந்தா வா. வராட்டியும் சரி. ஒம் மேல எனக்குக் கோவம் இல்ல" என்றார். நானும் அம்மாவும் அழுதோம். நான் பொத்தானைத் தொடவே இல்லை. இருபது நிமிஷம் ஓடியிருக்கும். அத்தா மகனை மன்னித்த ஒவ்வொரு வார்த்தையும் அதே மகன் தன் மனைவிக்குச் சொன்னதை வார்த்தை வார்த்தையாக அழித்துக்கொண்டே போனது. அது அப்போது எங்களில் யாருக்கும் தெரியாது.

டேப்பில் கொஞ்சம்தான் மிச்சம். அண்ணியைக் கூப்பிட்டேன். ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு திரைக்குப் பின்னால் வந்து நின்றாள். நோட்டை நீட்டினேன். அவசரத்தில் எழுதியது. படித்தாள்.

"எனக்கு இங்க ஒரு கொறையும் இல்ல. நீங்க அங்கியே இருந்து வேலைய நல்லபடியாப் பாத்துக்குங்க."

பொத்தானை நிறுத்தினேன். "கேசட் எப்பப் போவுது?" என்றாள்.

"இப்பவே. ஆளு டிக்கெட் மாறிப்போச்சி. ஆனா அண்ணன் கொரல அழிக்கல அண்ணி. ரெண்டாம் பக்கத்துல பேசினோம்."

அவள் என்னைப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் எனக்குப் புரிந்திருக்கும். "முழுசும் ஓடிச்சா?" என்று மட்டும் கேட்டாள். "கடைசி வரைக்கும்" என்றேன், பெருமையாக. "சரி" என்று சொல்லிவிட்டு எண்ணெய் காய்கிறது என்று உள்ளே போனாள். அன்றைய முறுக்கு கருகிவிட்டது. அம்மா மகன் குரல் பிழைத்த மகிழ்ச்சியில் இருந்ததால் திட்டவில்லை.

அடுத்த கேசட்டுக்காக அவள் காத்திருந்தது எனக்கு இப்போது நன்றாகப் புரிகிறது. நாலு மாதம். பஜார் பக்கம் யாராவது சூட்கேஸோடு போனால் வாசல்வரை வந்து பார்ப்பாள். கேசட் வந்தது. முதல் பக்கத்தில், அத்தா பேசி அனுப்பியதைச் சொல்லிச் சொல்லி அண்ணன் தேம்பினான். பிறகு, இன்னும் மூன்று வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டதாகச் சொன்னான். அன்று மதியம் அண்ணி டேப்பை அடுப்படிக்கு எடுத்துப்போய் இரண்டாம் பக்கத்தைக் கடைசிவரை ஓட்டிக் கேட்டதை நான் பார்த்தேன். அத்தாவின் பேச்சுக்குப் பிறகு அவளுடைய இரண்டு வரிதான் இருந்தது. "இன்னா அண்ணி கேக்கறீங்க?" என்றேன். "ஒண்ணும் இல்ல" என்றாள். அழிந்தது அழிந்ததாகவே இருக்கட்டும், மனசு இருந்தால் திரும்பவும் சொல்லியிருப்பார் என்று அவள் முடிவு செய்துகொண்டாள். ஒருதரம் கேட்டாகிவிட்டது. இன்னொருதரம் கேட்கிற பெண் இல்லை அவள்.

நான் வசனம் எழுதிக்கொண்டேதான் இருந்தேன். அண்ணி படித்துக்கொண்டேதான் இருந்தாள். வரவர ரொம்ப நன்றாகப் படித்தாள்.

அண்ணன் வந்தபோது அத்தா மௌத்தாகி, அடக்கம் செய்து ஒரு வருஷம் ஆகியிருந்தது. எனக்குத் திருக்கழுக்குன்றத்தில் கல்யாணமாகியிருந்தது. அண்ணியின் அம்மா கடப்பாக்கத்து வீட்டை விற்றுவிட்டு மெட்ராஸில் இளைய மகளோடு போய் இருந்தாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணன் எங்கள் இரண்டு பேரையும் மாமல்லபுரம் கூட்டிப்போனான். முட்டி வலி என்று அம்மா வரவில்லை. மணலில் நானும் அவனும் உட்கார்ந்தோம். அண்ணி செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு அலைப்பக்கம் போனாள். அவர்கள் இருவரும் ஒருவருக்கொருவர் மரியாதையாக இருந்தார்கள். எனக்குப் பார்க்கச் சகிக்கவில்லை, விருந்தாளிகள்கூட அப்படி இருக்கமாட்டார்கள்.

"இன்னாண்ணே, இப்படிக் கீறீங்க ரெண்டு பேரும்?" என்றேன். எனக்கு வாய் சும்மா இருக்காது.

அவன் மணலை அள்ளி அள்ளிக் கொட்டினான். "நான் வரேன்னுதான் சொன்னேன். அவதான் வாணான்னுட்டா" என்றான்.

"எப்ப?"

"அவ கேட்டா. நான் ரெண்டாம் பக்கத்துல பதில் பேசி அனுப்பினேன். பழைய பேச்சுக்குப் பின்னாடி. நோன்புக்கு முன்னாடி வந்துடறேன், கடப்பாக்கத்துலயே இருந்துடலாம், நீ சரின்னு ஒரு வார்த்த சொல்லுன்னேன். அவ இன்னா சொன்னா தெரியுமா? எனக்கு இங்க ஒரு கொறையும் இல்ல. நீங்க அங்கியே இருந்து வேலைய நல்லபடியாப் பாத்துக்குங்க." ஒரு எழுத்து பிசகாமல் சொன்னான். மூன்று வருஷம் மனப்பாடமாக வைத்திருந்தான்.

 "அண்ணே, அது நான் எழுதினது" என்றேன். எல்லாவற்றையும் சொன்னேன். டிக்கெட் மாறியது, அம்மா அழுதது, அத்தா பேசியது. அவன் மணல் கொட்டுவதை நிறுத்திவிட்டான். கடைசியில், "அப்ப நான் பேசினத அவ கேக்கவே இல்லியா?" என்றான்.

"இல்லண்ணே."

அவன் எழுந்திருப்பான், அவளிடம் போவான் என்று நினைத்தேன். எழுந்திருக்கவில்லை. "நீ போயி சொல்லு. எனக்கு வாய் வராது" என்றான்.

அலைவரைக்கும் நடந்தேன். அவ்வளவு தூரம் நான் அதற்கு முன்னும் நடந்ததில்லை, பின்னும் நடந்ததில்லை. அண்ணி புடவையைக் கணுக்காலுக்கு மேலே பிடித்துக்கொண்டு நின்றாள். நான் சொன்னேன். என் தப்பை முதலில் சொன்னேன், பிறகு அவன் சொன்னதைச் சொன்னேன். திட்டுவாள், அறைவாள் என்று காத்திருந்தேன். அறைந்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும்.

"வர்றேன்னா சொன்னாங்க?" என்றாள்.

"ஆமா அண்ணி. நோன்புக்கு முன்னாடி வந்துடறேன், கடப்பாக்கத்துலயே இருந்துடலாம்னு."

"இன்னொரு தபா சொல்லு."

சொன்னேன். புடவை கையிலிருந்து விழுந்து நனைந்தது. அவள் எடுக்கவில்லை.

"நீ எழுதற மாதிரி சொல்லாத புள்ள. அவுங்க இன்னா சொன்னாங்களோ அப்படியே சொல்லு. மொதல்ல இன்னா சொல்லிக் கூப்பிட்டாங்க?"

"எனக்குத் தெரியாது அண்ணி" என்றேன். "அந்தப் பேச்ச நானும் கேக்கல. யாருமே கேக்கல."